செஸ் சாம்பியன்கள் எப்போது கம்ப்யூட்டரை ஆன் செய்தார்கள்?

கம்ப்யூட்டர் பற்றி எழுதுபவன் என்பதால் என்னிடம் அடிக்கடி ஒரு கேள்வி வரும். "பையன் செஸ் நன்றாக ஆடுகிறான், எந்த சாப்ட்வேர் போட்டுக் கொடுக்கலாம்?" செஸ் புரோகிராம்கள் சி.டி.யில் விற்ற காலத்தில் இதற்குப் பதில் சொல்வது சுலபம். விலையைப் பார்த்து ஏதாவது ஒன்றைச் சொல்லிவிடலாம். இன்று உலகின் மிக வலிமையான செஸ் புரோகிராம்களில் ஒன்றான ஸ்டாக்ஃபிஷ் முற்றிலும் இலவசம். கம்ப்யூட்டர்கூட வேண்டாம், போனிலேயே ஓடும். அங்கிருந்தபடியே எந்த உலக சாம்பியனையும் தோற்கடிக்கும் பலம் அதற்கு உண்டு. ஆகவே எதைப் போடுவது என்ற கேள்விக்கு இப்போது அவ்வளவு முக்கியத்துவம் இல்லை. எப்போது போடுவது என்றுதான் கேட்க வேண்டும்.

இதற்கு நானாக ஒரு பதில் சொல்வதைவிட, செஸ்ஸில் உச்சத்தைத் தொட்டவர்கள் கம்ப்யூட்டரை எந்த வயதில், எந்த வேலைக்காகத் தொட்டார்கள் என்று பார்க்கலாமே என்று தோன்றியது. பார்த்தபோது கிடைத்தவைதான் இந்தக் கட்டுரை.

அதற்கு முன் ஒரு சின்ன விளக்கம். செஸ் சாப்ட்வேரில் இரண்டு ரகம் உண்டு. ஒன்று டேட்டாபேஸ். இதுவரை ஆடப்பட்ட லட்சக்கணக்கான ஆட்டங்கள் இதில் இருக்கும். யார், எப்போது, எந்த நகர்வை ஆடினார்கள் என்று தேடி எடுக்கலாம். மற்றொன்று எஞ்சின். போர்டில் காய்கள் இருக்கும் நிலையைக் கொடுத்தால், அடுத்து ஆட வேண்டிய சிறந்த நகர்வைக் கணக்கிட்டுச் சொல்லும். டேட்டாபேஸ் என்பது லைப்ரரி. எஞ்சின் என்பது கோனார் நோட்ஸ். இரண்டையும் போட்டுக் குழப்பிக்கொள்வதால்தான் பல வீடுகளில் பிரச்சினையே வருகிறது.

பிஷரின் சிவப்புப் புத்தகம்

அமெரிக்காவின் பாபி பிஷர் 14 வயதில் தன் நாட்டின் சாம்பியன் ஆனவர். 15 வயதில் கிராண்ட்மாஸ்டர். அவர் எதிர்த்து நின்றது ஒரு நாட்டின் முழு அமைப்பை. சோவியத் யூனியனில் செஸ் பள்ளிகள், பயிற்சியாளர்கள், கார்டு கார்டாக எழுதி வைத்த ஆட்டங்கள் என்று எல்லாம் இருந்தன. பிஷரிடம் இருந்தது புத்தகங்கள் மட்டும்தான். சோவியத் செஸ் பத்திரிகைகளைப் படிப்பதற்காகவே ரஷ்ய மொழியைக் கற்றுக்கொண்டார்.

1972ல் ஐஸ்லாந்தின் ரெய்க்யவிக் நகரில் போரிஸ் ஸ்பாஸ்கியுடன் உலக சாம்பியன் போட்டி நடந்தது. அங்கே பிஷர் எங்கு போனாலும் ஒரு தடித்த சிவப்பு அட்டைப் புத்தகத்தைத் தூக்கிக்கொண்டு திரிந்தார். ஸ்பாஸ்கி ஆடிய ஆட்டங்களின் தொகுப்பு அது. சாப்பிடும்போதும் பக்கத்திலேயே இருக்கும். கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். எதிராளியின் ஆட்டங்கள் மொத்தத்தையும் ஒரே இடத்தில் வைத்துப் புரட்டுவது என்றால், அதுதானே டேட்டாபேஸ்? தேடும் வேலையை மட்டும் பிஷரின் மூளை செய்தது. 12.5க்கு 8.5 என்ற கணக்கில் அவர் வென்றார்.

பிஷர் கம்ப்யூட்டருடனும் ஆடியிருக்கிறார் என்பது பலருக்குத் தெரியாது. 1977ல் எம்.ஐ.டி.யின் கிரீன்பிளாட் புரோகிராமுடன் மூன்று ஆட்டங்கள். மூன்றிலும் பிஷருக்கே வெற்றி. அந்தக் காலத்து புரோகிராமிடம் கற்றுக்கொள்ள அவருக்கு ஒன்றும் இல்லை.

இதே காலத்தில் மாஸ்கோவில் இன்னொருவர் எதிர்த்திசையில் போய்க்கொண்டிருந்தார். மிகைல் போட்வின்னிக். 1948ல் உலக சாம்பியன் ஆனவர், பட்டத்தை இரண்டு முறை இழந்து இரண்டு முறையும் திரும்பப் பிடித்தவர். தொழிலால் எலெக்ட்ரிக்கல் என்ஜினியர், டாக்டர் பட்டம் பெற்றவர். 1970ல் போட்டி ஆட்டத்துக்கு முழுக்குப் போட்டுவிட்டு, தன்னைப் போலவே யோசிக்கும் ஒரு புரோகிராமை உருவாக்க உட்கார்ந்தார். அதற்குப் பெயர் பயனீர். எல்லா நகர்வுகளையும் கணக்கிடாமல், மனிதனைப் போல முக்கியமானதை மட்டும் பார்க்க வேண்டும் என்பது அவர் திட்டம். சில சிக்கலான நிலைகளுக்கு பயனீர் விடை கண்டது. ஆனால் போட்டியில் இறங்கி ஆடும் முழு புரோகிராமாக அது வளரவேயில்லை. தான் எப்படி யோசிக்கிறோம் என்பதை ஒரு உலக சாம்பியனாலேயே புரோகிராமாக எழுத முடியவில்லை! 1995ல் அவர் இறக்கும்போதும் அந்தக் கனவு பாக்கியாகத்தான் இருந்தது. ஆனால் அவர் நடத்திய செஸ் பள்ளிக்கு 1973ல் பாகூ நகரிலிருந்து 10 வயதுப் பையன் ஒருவன் வந்து சேர்ந்தான். பெயர் காரி காஸ்பரோவ்.

ஹாம்பர்க்கில் கிடைத்த பாடம்

காஸ்பரோவ் 7 வயதில் தந்தையை இழந்தவர். தாய் கிளாராதான் அவரை வளர்த்து ஆளாக்கினார். 1985 நவம்பரில் அனடோலி கார்போவைத் தோற்கடித்து, 22 வயதில் உலக சாம்பியன் ஆனார். அதுவரை அவ்வளவு சின்ன வயதில் யாரும் அந்தப் பட்டத்தைப் பிடித்ததில்லை.

அதே ஆண்டு ஜூன் மாதம் ஜெர்மனியின் ஹாம்பர்க் நகரில் ஒரு வேடிக்கை நடந்தது. அந்தக் காலத்தில் செஸ் ஆடுவதற்கென்றே தனிக் கருவிகள் விற்பனையில் இருந்தன. பார்க்க செஸ் போர்டு போலவே இருக்கும், உள்ளே சின்ன பிராசஸர். நான்கு முன்னணி கம்பெனிகள் தயாரித்த 32 கருவிகளை வரிசையாக வைத்து, எல்லாவற்றுடனும் ஒரே நேரத்தில் காஸ்பரோவ் ஆடினார். ஐந்து மணி நேரத்துக்கும் மேல் ஒரு மேஜையிலிருந்து இன்னொரு மேஜைக்கு நடந்துகொண்டே இருந்தார். முடிவு: 32க்கு 32. இதை யாரும் பெரிய செய்தியாகவே எடுத்துக்கொள்ளவில்லை. மெஷின் மனிதனிடம் தோற்பது அப்போது சாதாரணம்.

எனக்கு அதைவிட முக்கியமாகப் படுவது அதே ஹாம்பர்க்கில் அவர் மனிதர்களிடம் வாங்கிய அடி. 1985லேயே அந்த ஊர் கிளப் அணியின் எட்டு வலுவான ஆட்டக்காரர்களுடன் ஒரே நேரத்தில் ஆடினார். 3.5க்கு 4.5 என்று தோற்றுப்போனார். எதிரில் இருப்பவர்கள் யார், எப்படி ஆடுவார்கள் என்று தெரிந்துகொள்ளாமல் போய் உட்கார்ந்ததன் விளைவு.

இந்தச் சமயத்தில்தான் பிரெடெரிக் பிரீடெல் என்ற ஜெர்மன் பத்திரிகையாளருடன் அவருக்குப் பழக்கம் ஏற்படுகிறது. செஸ் ஆட்டங்களை எல்லாம் கம்ப்யூட்டரில் சேமித்து வைத்து, வேண்டும்போது ஒரு பெயரைக் கொடுத்து வரவழைக்க முடியுமா என்று பேசுகிறார்கள். மாத்தியாஸ் வுல்லன்வெபர் என்ற இயற்பியல் மாணவர் அதைச் செய்தே காட்டிவிடுகிறார். அதுதான் செஸ்பேஸ். அது ஓடியது எதில் தெரியுமா? அடாரி எஸ்.டி. என்ற வீட்டுக் கம்ப்யூட்டரில். 8 மெகாஹெர்ட்ஸ் பிராசஸர். மெமரி ஒரு மெகாபைட் இருந்தாலே பெரிய விஷயம். ஆட்டங்கள் எல்லாம் 3.5 இஞ்ச் பிளாப்பியில்.

1987ல் காஸ்பரோவ் திரும்பவும் ஹாம்பர்க் வந்தார். அதே அணி, எட்டு பேர். இந்த முறை அடாரி முன்னால் உட்கார்ந்து ஒவ்வொருவரின் பழைய ஆட்டங்களையும் திரையில் ஓட்டிப் பார்த்தார். எவருக்கு எந்த ஆரம்ப ஆட்டம் பிடிக்கும், எவர் எங்கே தடுமாறுவார் என்று குறித்துக்கொண்டார். 7க்கு 1 என்று வென்றார்.

சம்பவம் சின்னதுதான். ஆனால் செஸ் உலகில் ஒரு சகாப்தம் அன்று மாறிவிட்டது என்பேன். மாஸ்கோவில் கார்டு அலமாரிகளில் பூட்டிக் கிடந்த அறிவு, காசு கொடுத்தால் எவர் வீட்டு மேஜைக்கும் வரும் என்றாகிவிட்டது. ஒரு விஷயத்தைக் கவனியுங்கள். காஸ்பரோவ் இங்கே கம்ப்யூட்டரிடம் 'என்ன ஆடட்டும்' என்று கேட்கவில்லை. 'இவர்கள் என்ன ஆடினார்கள்' என்று மட்டும் கேட்டார். அப்போது அவர் ஏற்கனவே உலக சாம்பியன்.

நியூயார்க், மே 1997

அடுத்த பத்து ஆண்டுகளில் எஞ்சின்கள் வளர்ந்தன. 1989ல் டீப் தாட் என்ற மெஷினை காஸ்பரோவ் இரண்டு ஆட்டங்களிலும் சுலபமாக வென்றார். அதை உருவாக்கிய பெங்-சியுங் சு, முர்ரே கேம்ப்பெல் ஆகியோர் ஐ.பி.எம்.மில் சேர்ந்து உருவாக்கியதுதான் டீப் புளூ. 1996ல் பிலடெல்பியாவில் முதல் ஆட்டத்திலேயே அது காஸ்பரோவைச் சாய்த்தது. ஆனாலும் ஆறு ஆட்டங்களின் முடிவில் 4க்கு 2 என்று மனிதனே வென்றான்.

1997 மே மாதம் நியூயார்க்கில் மறுபோட்டி. டீப் புளூவின் சக்தி இப்போது பன்மடங்கு. செஸ்ஸுக்காகவே வடிவமைத்த 480 சிப்கள். வினாடிக்கு 20 கோடி நிலைகளைக் கணக்கிடும். முதல் ஆட்டத்தை காஸ்பரோவ் வென்றார். அந்த ஆட்டத்தின் கடைசியில் மெஷின் தன் யானையை அர்த்தமே இல்லாத ஒரு கட்டத்தில் கொண்டுபோய் வைத்தது. புரோகிராமில் இருந்த ஒரு பிழையால் வந்த நகர்வு அது என்று பல ஆண்டுகள் கழித்து டீப் புளூ குழுவினரே சொன்னார்கள். நம் வீட்டு கம்ப்யூட்டர் ஹேங் ஆவதுபோல என்று வைத்துக்கொள்ளுங்களேன்.

இரண்டாவது ஆட்டம்தான் எல்லாவற்றையும் புரட்டிப் போட்டது. காஸ்பரோவ் சிப்பாய்களைத் தூண்டில் இரையாகப் போட்டுப் பார்த்தார். பேராசை பிடித்த கம்ப்யூட்டர் எப்போதும் அதைத் தின்னும். இது தின்னவில்லை. நிதானமாகத் தன் மந்திரியை நடுவில் கொண்டுவந்து நிறுத்தி, எதிராளியின் மூச்சை இறுக்கியது. மனிதன் ஆடுவதுபோல இருந்தது. காஸ்பரோவ் மனம் உடைந்துபோய் 45வது நகர்வுடன் தோல்வியை ஒப்புக்கொண்டார். அந்த நிலையிலிருந்து தொடர்ந்து செக் கொடுத்து டிரா செய்ய ஒரு வழி இருந்ததாக இன்டர்நெட்டில் ஆட்டத்தை அலசியவர்கள் உடனே காட்டினார்கள். இதைக் கேட்டபோது அவருக்கு எப்படி இருந்திருக்கும்? உலகின் முதல்தர ஆட்டக்காரர், தன் கணக்கை நம்பாமல் எதிரில் இருந்த மெஷினின் கணக்கை நம்பிவிட்டார். 'இவ்வளவு பலமான மெஷின் டிரா வழியை விட்டுவைத்திருக்காது' என்ற நினைப்புதான் அவரைத் தோற்கடித்தது.

அதன்பின் அவர் பழைய காஸ்பரோவாக இல்லை. மெஷினுக்குப் பின்னால் மனிதர்கள் உதவியிருக்கலாம் என்று சந்தேகம் கிளப்பினார், பதிவுகளைக் காட்டச் சொன்னார். அடுத்த மூன்று ஆட்டங்கள் டிரா. ஆறாவது ஆட்டம் மே 11ம் தேதி. காரோ-கான் என்ற தற்காப்பில் அவர் சிப்பாய் நகர்வு ஒன்றை முறை மாற்றி ஆட, டீப் புளூ தன் குதிரையைத் தியாகம் செய்து பாய்ந்தது. அந்த நகர்வு கணக்கிட்டு வந்ததுகூட அல்ல, அதன் மெமரியில் முன்பே ஏற்றி வைத்திருந்த ஓபனிங் புத்தகத்தில் இருந்தது. 19 நகர்வுகளில் ஆட்டம் முடிந்தது. 3.5க்கு 2.5. மறுபோட்டி வேண்டும் என்று காஸ்பரோவ் கேட்டார், ஐ.பி.எம். மறுத்துவிட்டது. டீப் புளூ இப்போது இரண்டு பாகமாக அமெரிக்க மியூசியங்களில் இருக்கிறது.

காஸ்பரோவ் மூலையில் உட்காரவில்லை. அடுத்த ஆண்டே, 1998ல், ஸ்பெயினின் லியோன் நகரில் ஒரு புது வகை ஆட்டத்தைத் தொடங்கி வைத்தார். இரண்டு ஆட்டக்காரர்கள், ஒவ்வொருவர் பக்கத்திலும் ஒரு பி.சி. எஞ்சினையும் டேட்டாபேஸையும் பார்த்துக்கொண்டே ஆடலாம். எதிரில் பல்கேரியாவின் வெசலின் டோபலோவ். ஒரு மாதம் முன்புதான் கம்ப்யூட்டர் இல்லாத வேக ஆட்டத்தில் அவரை 4க்கு 0 என்று காஸ்பரோவ் நொறுக்கியிருந்தார். பி.சி. வைத்து ஆடியபோது முடிவு 3க்கு 3. இருவருக்கும் இடையே இருந்த வித்தியாசத்தை பி.சி. துடைத்துவிட்டது.

சென்னையிலிருந்து வந்தவர்

லியோனில் அதற்கடுத்த மூன்று ஆண்டுகள், 1999 முதல் 2001 வரை, வென்றவர் யார் என்று நினைக்கிறீர்கள்? நம் விஸ்வநாதன் ஆனந்த். முதல் ஆண்டில் கார்போவை 5க்கு 1 என்று வீழ்த்தினார். பி.சி. இருவருக்கும் ஒன்றுதான். அதனிடம் எதைக் கேட்பது, எப்போது கேட்காமல் இருப்பது என்பது ஆனந்துக்குத் தெரிந்திருந்தது.

இந்தத் திறமை எங்கிருந்து வந்தது? 1969ல் பிறந்த ஆனந்துக்கு செஸ் சொல்லிக்கொடுத்தவர் அவர் அம்மா சுசீலா. அப்பாவின் வேலை காரணமாகக் குடும்பம் சில காலம் பிலிப்பைன்ஸின் மணிலாவில் இருந்தது. அங்கே டி.வி.யில் மதியம் செஸ் நிகழ்ச்சி வரும், கடைசியில் ஒரு புதிர் போடுவார்கள். பையன் பள்ளிக்கூடத்தில் இருக்கும் நேரம். அம்மா பார்த்து எழுதி வைப்பார், சாயங்காலம் இருவரும் விடை கண்டுபிடித்து அனுப்புவார்கள். பரிசாகப் புத்தகம் வரும். இப்படி வாராவாரம் ஜெயித்ததில், வேண்டிய புத்தகங்களை எல்லாம் எடுத்துக்கொள், இனி விடை மட்டும் அனுப்பாதே என்று டி.வி.காரர்களே சொல்லிவிட்டார்களாம். அம்மா நிகழ்ச்சியை எழுதி வைத்தாரே தவிர விடையை எழுதி வைக்கவில்லை என்பதைப் பெற்றோர்கள் கவனிக்க வேண்டும்.

சென்னையில் சோவியத் கலாசார மையத்தில் இயங்கிய டால் செஸ் கிளப் அவர் வளர்ந்த இடம். ஜெயித்தவர் போர்டில் தொடரலாம், தோற்றவர் எழுந்து வரிசையின் கடைசிக்குப் போக வேண்டும். உட்கார்ந்த இடத்தை விடாமல் இருக்க வேகமாக ஆடியே தீர வேண்டும். அந்த வேகம்தான் பின்னாளில் உலகத்தையே மிரட்டியது. ஆனால் பயிற்சிக்கான ஆட்டங்கள்? யுகோஸ்லாவியாவிலிருந்து 'இன்பார்மெண்ட்' என்ற தொகுப்பு ஆண்டுக்கு இரண்டு முறை வரும். அது இங்கே வந்து சேர்வதற்குள் அதில் உள்ளது பழசாகிவிடும். 1988ல் இந்தியாவின் முதல் கிராண்ட்மாஸ்டர் ஆன ஆனந்த், 80களின் கடைசியிலேயே செஸ்பேஸைக் கையில் எடுத்துக்கொண்டவர்களில் ஒருவர். சோவியத் பயிற்சியாளர் படை இல்லாத ஒரு இந்தியருக்கு அது எவ்வளவு பெரிய வரம் என்பதைச் சொல்ல வேண்டியதில்லை. 1991-92ல் இத்தாலியின் ரெஜியோ எமிலியா போட்டியில் காஸ்பரோவ், கார்போவ் இருவரையும் பின்னுக்குத் தள்ளி முதலிடம் பிடித்தார்.

அவரும் மெஷினிடம் தோற்றிருக்கிறார். 1998ல் ரெபெல் 10 என்ற புரோகிராம் எட்டு ஆட்டங்களில் 5க்கு 3 என்று அவரை வென்றது. அது ஓடியது சூப்பர் கம்ப்யூட்டரில் அல்ல, 450 மெகாஹெர்ட்ஸ் ஏ.எம்.டி. கே6-2 பிராசஸர் போட்ட பி.சி.யில். அன்று நம்மில் பலர் வீட்டில் வாங்கி வைத்த அதே ரகம்! இதில் வேக ஆட்டங்களில்தான் மெஷினுக்கு வெற்றி. நேரம் எடுத்து யோசிக்கும் ஆட்டங்களில் ஆனந்த் 1.5க்கு 0.5 என்று முன்னால் இருந்தார். அதற்காக அவர் புலம்பியதாகத் தெரியவில்லை. மெஷின் தன்னைவிட நன்றாகக் கணக்கிடும் என்பதை ஏற்றுக்கொண்டு, அதைத் தன் உதவியாளர்களில் ஒருவராகச் சேர்த்துக்கொண்டார்.

2010ல் சோபியாவில் டோபலோவுடன் நடந்த உலக சாம்பியன் போட்டியில் இது உரசிப் பார்க்கப்பட்டது. ஐஸ்லாந்து எரிமலைச் சாம்பலால் விமானங்கள் நின்றுபோக, ஆனந்த் ஜெர்மனியிலிருந்து சுமார் 40 மணி நேரம் சாலை வழியாகவே வந்து சேர்ந்தார். டோபலோவ் தரப்பில் ரிப்கா எஞ்சின் நூறுக்கும் மேற்பட்ட பிராசஸர் கோர்களில் ஓடிக்கொண்டிருந்தது. ஆனந்துக்கு உதவியவர்களில் காஸ்பரோவ், கிராம்னிக், கார்ல்சன் ஆகியோர் இருந்தார்கள். 12வது, கடைசி ஆட்டம் வரை சமநிலை. அதில் கருப்புக் காய்களுடன் ஆடிய ஆனந்த் வென்று பட்டத்தைத் தக்கவைத்தார். எதிராளியின் ராஜா நடு போர்டில் ஓடும்போது, கோர்களின் எண்ணிக்கை அங்கே உதவிக்கு வரவில்லை.

ஒரே நகர்வில் மேட்

2006ல் ஜெர்மனியின் பான் நகரில் நடந்ததை மட்டும் சுருக்கமாகச் சொல்லிவிடுகிறேன். அப்போதைய உலக சாம்பியன் விளாடிமிர் கிராம்னிக், டீப் பிரிட்ஸ் புரோகிராமுடன் ஆறு ஆட்டங்கள் ஆடினார். இரண்டு ஜியான் பிராசஸர்கள் போட்ட ஒரு பி.சி., வினாடிக்கு சுமார் 80 லட்சம் நிலைகள். டீப் புளூவின் வேகத்தில் 25ல் ஒரு பங்குதான். இருந்தும் 4க்கு 2 என்று புரோகிராம் வென்றது. இரண்டாவது ஆட்டத்தில் கிராம்னிக் தனக்கு விழவிருந்த ஒரே நகர்வு மேட்டைக் கவனிக்காமல் ராணியை நகர்த்தினார். பார்த்தவர்கள் கண்ணைத் தேய்த்துக்கொண்டார்கள். சிப்களின் வேகத்தைவிட புரோகிராம் எழுதும் முறை எவ்வளவு முன்னேறிவிட்டது என்பதற்கு இதைவிட வேறு உதாரணம் தேவையில்லை. அதன்பிறகு மனிதன்-மெஷின் போட்டிகளில் யாருக்கும் பெரிய ஆர்வம் இல்லாமல் போனது.

எஞ்சினே வேண்டாம் என்ற பயிற்சியாளர்

இப்போது கேள்விக்கு வருவோம். 2013 நவம்பரில் சென்னையில் ஆனந்த் - மாக்னஸ் கார்ல்சன் உலக சாம்பியன் போட்டி நடந்தது. 6.5க்கு 3.5 என்று கார்ல்சன் வென்றார். வீட்டில் எஞ்சின் வைத்துத் தயாரித்த வழிகளில் மாட்டிக்கொள்ளாமல், சாதாரணமாக ஆரம்பித்து, நீண்ட நேரம் எதிராளியைக் களைப்பாக்கி வெல்வது அவர் பாணி. கம்ப்யூட்டர் யுகத்துக்கு ஒரு சாம்பியன் கண்டுபிடித்த மாற்று மருந்து என்றே இதைச் சொல்லலாம். அன்று பார்வையாளர்களில் 7 வயதுப் பையன் ஒருவன் இருந்தான். குகேஷ். செஸ் கற்றுக்கொண்டு சில மாதங்களே ஆகியிருந்தன.

குகேஷ் பிறந்தது 2006ல். கையில் போன், போனில் எஞ்சின் என்று வளர்ந்த தலைமுறை. ஆனால் அவருடைய பயிற்சியாளர் கிராண்ட்மாஸ்டர் விஷ்ணு பிரசன்னா ஒரு விசித்திரமான முடிவு எடுத்தார். கிராண்ட்மாஸ்டர் தரத்தை எட்டும் வரை எஞ்சினைத் தொடக்கூடாது! உடன் ஆடும் பிள்ளைகள் எல்லாம் எஞ்சின் சொன்ன வழிகளை மனப்பாடம் செய்துகொண்டு வர, இந்தப் பையன் போர்டில் உட்கார்ந்து தானே கணக்குப் போட்டுக்கொண்டிருந்தான். துணிச்சலான சோதனைதான். பையன் தோற்க ஆரம்பித்திருந்தால் பயிற்சியாளரை எத்தனை பேர் கேலி செய்திருப்பார்கள்! 2019 ஜனவரியில், 12 வயது 7 மாதம் 17 நாளில் குகேஷ் கிராண்ட்மாஸ்டர் ஆனார். அப்போதைய உலக சாதனையை 17 நாளில் தவறவிட்டார்.

அதன்பிறகு எஞ்சின் வந்தது. எல்லா முன்னணி ஆட்டக்காரர்களையும் போல அவரும் பயன்படுத்தினார். ஆனால் அடித்தளம் அதற்குள் போட்டாகிவிட்டது.

2024 டிசம்பர் 12, சிங்கப்பூர். சீனாவின் டிங் லிரெனுடன் 14வது, கடைசி ஆட்டம். அதுவரை இருவரும் சமம். யானையும் மந்திரியும் சில சிப்பாய்களும் மட்டுமே மிச்சம். குகேஷிடம் ஒரு சிப்பாய் அதிகம், ஆனால் டிரா ஆகவேண்டிய நிலை. எஞ்சினும் அப்படித்தான் சொன்னது. எஞ்சினை நம்பும் ஆட்டக்காரர் அங்கே கை கொடுத்துவிட்டு எழுந்திருப்பார். குகேஷ் எழவில்லை. எதிராளியை யோசிக்க வைத்துக்கொண்டே இருந்தார். 55வது நகர்வில் டிங் தன் யானையைத் தவறான கட்டத்தில் வைத்தார். வீட்டில் நேரடி ஒளிபரப்பு பார்த்த லட்சக்கணக்கானோருக்கு திரையோரம் இருந்த எஞ்சினின் பட்டை சட்டென்று குகேஷ் பக்கம் சாய்ந்தது தெரிந்தது. அரங்கத்துக்குள் இருந்த அவருக்கு எந்தப் பட்டையும் இல்லை. அவரே கண்டுபிடிக்க வேண்டும். கண்டுபிடித்தார். யானைகளை மாற்றி, மந்திரிகளையும் மாற்றினால் மிஞ்சும் சிப்பாய் ஆட்டம் தனக்கே என்று கணக்கிட்டார். மூன்று நகர்வுகளில் எல்லாம் முடிந்தது. 7.5க்கு 6.5. 18 வயதில் உலக சாம்பியன்.

உங்கள் வீட்டில்

இதை எல்லாம் பார்த்தபின் என்னிடம் கேட்பவர்களுக்கு நான் சொல்வது இதுதான். டேட்டாபேஸை இன்றே போடுங்கள். எஞ்சினைத் தள்ளிப் போடுங்கள். பொதுப் போட்டிகளுக்குப் போய், தன் தோல்விக்குத் தானே காரணம் சொல்லத் தெரிந்த பிறகு பையனுக்கோ பெண்ணுக்கோ எஞ்சினைக் காட்டினால் போதும். எத்தனை வயது என்று அளவு கிடையாது.

டேட்டாபேஸுக்கு செலவு இல்லை. ஸ்கிட் என்ற சாப்ட்வேர் இலவசம். ஆட்டங்கள் பி.ஜி.என். என்ற பைல் வடிவில் கிடைக்கும். இது வெறும் டெக்ஸ்ட் பைல்தான், நோட்பேடிலேயே திறக்கலாம். மேலே ஆட்டக்காரர் பெயர், ஊர், தேதி, கீழே நகர்வுகள். 'தி வீக் இன் செஸ்' 1994 முதல் வாராவாரம் புதிய ஆட்டங்களைத் தொகுத்து இலவசமாகக் கொடுத்துவருகிறது. லிச்செஸ் தளத்திலும் இறக்கிக்கொள்ளலாம். அதில் ஒரு ஆட்டத்தைத் திறந்தவுடன் ஓரத்தில் எஞ்சின் பட்டை தெரிந்தால், முதல் வேலையாக அதை ஆப் செய்யுங்கள்.

பிறகு நகர்வுப் பட்டியலை மறைத்துவிட்டு, அடுத்த நகர்வு என்ன என்று பிள்ளையைச் சொல்லச் சொல்லுங்கள். ஏன் என்று ஒரு வரி நோட்டில் எழுதட்டும். அதன்பிறகு மவுஸை கிளிக் செய்து சாம்பியன் என்ன ஆடினார் என்று பாருங்கள். ஒரு நாளைக்கு ஒரு ஆட்டம் போதும்.

கொஞ்சம் பழகிய பின், 1997ன் இரண்டாவது ஆட்டத்தைக் கடைசி நகர்வு வரை ஓட்டி நிறுத்துங்கள். காஸ்பரோவ் தோல்வியை ஒப்புக்கொண்ட நிலை, ஆட வேண்டியது கருப்பு. தப்பிக்கும் வழி கருப்பு ராணியிடம் இருக்கிறது என்று மட்டும் சொல்லிவிட்டு, பிள்ளையை போர்டோடு விட்டுவிடுங்கள். ஒரு வாரம் ஆனாலும் பரவாயில்லை. விடை நோட்டில் ஏறிய பிறகு எஞ்சினை ஆன் செய்து, அந்த வழி கடைசி வரை தாங்குகிறதா என்று இருவரும் சேர்ந்து பாருங்கள்.